இரண்டு கார், இரண்டு கடிகாரம், வேலுச்சாமி

விலை படியாமல் கடைப்படி இறங்குகிறவரை மூன்றாம் படிக்கு முன்னால் கூப்பிடக் கூடாது. ஐந்தாம் படிக்கு அப்புறம் கூப்பிட்டுப் பயனில்லை. கீழக்கரையில் எங்கள் குடும்பத்துப் பிள்ளைகளுக்கு எழுத்து வருவதற்கு முன்பே இது வந்துவிடும். இறங்குகிறவருக்கும் இது தெரியும் என்பதால், மூன்றாம் படியில் செருப்பு வாரைச் சரிசெய்கிற மாதிரி கொஞ்சம் குனிவார். நாம் கூப்பிடுவோம். இரண்டு பேர் மானமும் பிழைக்கும்.

இதையே கோட்டும் சூட்டும் போட்டுக்கொண்டு கேமரா முன்னால் செய்தால் அதற்குப் பெயர் புறக்கணிப்பு. அங்கே குனிகிறவரும் கிடையாது, கூப்பிடுகிறவரும் கிடையாது. 2006-இல் துபாய் கார் பந்தயத்தில் அப்படித்தான் ஆயிற்று. கார் ஓட்ட வந்தவர்கள் இறங்கிய படிக்கட்டில் வேலுச்சாமி நின்றுகொண்டிருந்தான்.

வேலுச்சாமி பரமக்குடிப் பக்கத்துக்காரன். துப்புரவு கான்ட்ராக்ட் கம்பெனியில் எட்டு வருஷம். அல் குசைஸில் அவனுடைய தொழிலாளர் கேம்ப்புக்கு எதிரேதான் என் மளிகைக் கடை. கடைக்குள் ஒரு போனும் உண்டு. கார்டு வாங்கினால் நின்று பேசலாம். அந்தப் போனில் அவன் பேசுவதெல்லாம் தங்கை அகிலாவோடுதான். மதுரையில் கோர்ட் வாசல் ஜெராக்ஸ் கடையில் டைப் அடிக்கிறவள், இருபத்தேழு வயது, இரண்டு சிறுநீரகமும் போய்விட்டன. வாரத்துக்கு இரண்டு தடவை டயாலிசிஸ். அம்மாவுக்குச் சர்க்கரை என்பதால் அவளால் கொடுக்க முடியாது. போன லீவில் வேலுச்சாமியைப் பரிசோதித்துவிட்டு, பொருந்துகிறது என்று டாக்டர் சொல்லிவிட்டார். இடது பக்கத்துச் சிறுநீரகத்தை எடுப்பதாக ஏற்பாடு. லீவு கிடைத்தாயிற்று. பந்தயம் வெள்ளிக்கிழமை, டிக்கெட் அடுத்த வியாழன், ஆபரேஷன் அதற்கடுத்த செவ்வாய்.

பந்தயத்தை நடத்தியது அகில உலக வேகக் கழகம். வண்டிகளை ஓட்டுகிறவர்கள் அணிகளின் ஐக்கியப் பேரவை. இரண்டு தரப்புக்கும் நடுவே பெரிய கொள்கைச் சண்டை இருந்தது: யாருடைய கடிகாரம் சரி? கழகத்தின் கடிகாரம் பேரவையின் கடிகாரத்தைவிட நாலு நிமிஷம் முன்னால் ஓடியது. இதற்காக ஜெனீவாவில் மூன்று மாநாடு நடந்திருந்தது. ஒன்றைத் திருப்பி வைத்துவிடலாமே என்று எந்த மாநாட்டிலும் யாரும் சொல்லவில்லை போலிருக்கிறது.

அன்றைக்குத் தண்ணீர் பாட்டில் சப்ளை என்னுடையது. அதனால் நான் நேரில் பார்த்தேன். டிக்கெட் விற்கவில்லை என்று கேம்ப் ஆட்களை பஸ்ஸில் கொண்டுவந்து, தலைக்கொரு தொப்பியும் கைக்கொரு பிரியாணிப் பொட்டலமும் கொடுத்து உட்கார வைத்திருந்தார்கள். கழகத்தின் மூன்று மணிக்குக் கொடியசைந்தது. பேரவைக்கு அப்போது மணி இரண்டு ஐம்பத்தாறு. நாலு நிமிஷம் முன்னதாகக் கிளம்பினால் மானம் என்னாவது? இருபது கார்களும் சம்பிரதாயத்துக்கு ஒரு சுற்று வந்தன. பதினெட்டு கார்கள் நேரே கொட்டகைக்குள் போய் ஷட்டரை இறக்கிக்கொண்டன. மிச்சம் இரண்டும் கழகத் துணைத்தலைவரின் மருமகனுடையவை. முன்னால் போக வேறு யாரும் இல்லாததால் அவை ஒன்றையொன்று முந்தப் பார்த்து, ஏழாம் வளைவில் முட்டிக்கொண்டு மணலில் நின்றன.

ஏழாம் வளைவில் மஞ்சள் கொடி பிடித்திருந்தது வேலுச்சாமி. கொடி பிடிக்கிற வெளிநாட்டுத் தொண்டர்கள் பேரவையோடு கிளம்பிப் போனதால், குப்பை பொறுக்க வந்த ஏழு பேருக்கு ஆரஞ்சு அங்கி மாட்டி ஆளுக்கொரு கொடி கொடுத்திருந்தார்கள். ஆபத்து என்பதற்கு மஞ்சள் கொடி. சூப்பர்வைசர் சொன்னது இவ்வளவுதான்: "பாய், நான் கலாஸ் சொல்ற வரைக்கும் ஜண்டா மேலேயே இருக்கணும். அச்சா?" ஜண்டா என்றால் கொடி; கலாஸ் என்றால் முடிந்தது.

குழப்பத்தில் சூப்பர்வைசர் வேறொரு கேட் வழியாகப் போய்விட்டார். மற்ற ஆறு பேரும் பிரியாணிக்குப் போனார்கள். ஸ்டாண்டு காலியானது. நான் காலி அட்டைப்பெட்டிகளை வேனில் ஏற்றும்போது வெயில் சாய்ந்துவிட்டது. அவன் அப்படியே நின்றான்.

"வேலு, இறக்கிட்டு வாப்பா. எல்லாரும் போயாச்சு."

"கலாஸ் சொல்லலையே பாய்."

"யாரு இருக்கா சொல்றதுக்கு?"

"போன வருஷம் அவரு சொல்றதுக்கு முந்தி வாளியக் கீழ வச்சேன்னு லீவுல ஆறு நாள வெட்டிப்புட்டாக. இந்த லீவுல வெட்டுனா ஆபரேசன் தேதி போயிரும் பாய். நீங்க போங்க, நான் நிக்கிறேன்."

லீவைக் காப்பாற்றத்தான் நின்றான். அந்தச் சமயத்தில் ஒரு பத்திரிகைக்காரர் படமெடுத்தார்.

மறுநாள் காலை எல்லாப் பேப்பரிலும் வேலுச்சாமி. காலி மைதானம், இரண்டு நசுங்கிய கார், உயர்த்திய கொடி. கழகம் அறிக்கை விட்டது: "எங்கள் அதிகாரி தன் இடத்தில் நிற்கிறார், ஆகவே பந்தயம் நடந்துகொண்டிருக்கிறது." பேரவையும் விட்டது: "ஆபத்துக் கொடி உயர்ந்தே இருக்கிறது, ஆகவே நாங்கள் விலகியது சரி." எட்டு வருஷச் சண்டையில் இரண்டு தரப்பும் ஒத்துப்போன முதல் விஷயம், வேலுச்சாமி ரொம்ப முக்கியம் என்பது.

பந்தயம் தொடங்கியதா இல்லையா என்ற வழக்கு தீர்ப்பாயத்துக்குப் போனது. பந்தயம் முடிந்தால் கார்களை முத்திரை வளாகம் என்ற கம்பிவேலிக்குள் நிறுத்துவார்கள். எடை போட்டு, ஈய முத்திரை குத்தி, பரிசோதகர் விடுவிக்கிறவரை ஒரு நட்டுக்கூடக் கழற்றக் கூடாது. சாட்சியங்களை அங்கே வைக்கும்படி தீர்ப்பாயம் உத்தரவிட்டது. இரண்டு கார், இரண்டு கடிகாரம், வேலுச்சாமி. எடை அறுபத்தொரு கிலோ நானூறு கிராம் என்று எழுதி, மணிக்கட்டில் ஒரு முத்திரையைக் கட்டினார்கள். வளாகத்திலேயே ஒரு போர்ட்டா கேபினில் படுக்கை. வெள்ளிக்கிழமை பகலில் மட்டும் காவலாளியோடு குசைஸ் வரலாம். பாஸ்போர்ட் கம்பெனியிடம். கம்பெனியிடம் கேட்டால், கழகத்தின் தடையில்லாச் சான்றிதழ் கொண்டு வா என்றார்கள்.

வியாழக்கிழமை விமானம் போயிற்று. வெள்ளிக்கிழமை அவன் கடையில் இருந்தபோது போன் வந்தது. காதில் வைக்க வேண்டிய அவசியமே இல்லை, அகிலாவின் குரல் கடை முழுக்கக் கேட்கும்.

"என்னண்ணே, ரேசுல எத்தனாவது வந்த?"

"ரேசு இன்னும் முடியலத்தா."

"ஒரு வாரமாவா ஓடுறாய்ங்க? எங்க கோர்ட்டு பரவாயில்ல போலயே."

"தேதி என்னடி சொன்னாரு டாக்டரு?"

"மாத்தி வச்சுக்கலாம்னாரு. நீ சும்மா இரு. உன் கிட்னி கெட்டா போகப் போகுது? பத்திரமா பூட்டி வச்சிருக்காகல்ல!"

அவள் சிரித்தாள். இவனும் சிரித்தான். காவலாளி நேபாளி; ஒன்றும் புரியாமல் அவரும் சிரித்தார்.

பேசினால் தீராதது ஒன்றும் கிடையாது என்று நினைக்கிற சாதி நான். அவனுக்காகக் கழக அலுவலகத்துக்குப் போனேன். தலைமைப் பரிசோதகர் ஒரு வெள்ளைக்காரர், மிகவும் மரியாதையானவர். அவர் சொன்னதைத் தமிழாக்கியது அங்கே வேலை பார்க்கும் கலீல் ரஹ்மான், காயல்பட்டினத்துக்காரர். பரிசோதகர் எழுந்து நின்று பேசியதால் சொற்பொழிவாகவே இருந்தது.

"கழகம் மனிதாபிமானத்தில் யாருக்கும் பின்தங்கியதல்ல. மனிதாபிமானத்துக்கென்று எங்களிடம் ஒரு துணைக்குழுவே இருக்கிறது. ஆனால் முத்திரையிட்ட ஒன்றிலிருந்து ஒரு பாகத்தை அகற்றுவது எங்கள் விதிகளில் மிகக் கடுமையான குற்றம். சிறுநீரகம் எவ்வளவு எடை?"

"நூத்தம்பது கிராம் இருக்கும்" என்றேன்.

அவர் வருத்தத்தோடு கண்ணை மூடிக்கொண்டார். "இருபது கிராம் குறைந்ததற்காக ஒரு சாம்பியனின் பட்டத்தையே பறித்திருக்கிறோம். இவருக்கு நூற்றைம்பதை விட்டுக்கொடுத்தால் அந்தச் சாம்பியன் முகத்தில் எப்படி விழிப்பேன்? மாற்றாக அதே எடையில் வேறொரு சிறுநீரகத்தைப் பொருத்துவதாக இருந்தால், விண்ணப்பத்தைப் பரிசீலிக்கலாம்."

கலீல் ரஹ்மான் இந்த வரியை மொழிபெயர்த்துவிட்டு, தரையைப் பார்த்தபடி எங்கள் பக்கத்து அண்ணன் முறை வைத்துச் சொன்னார். "காக்கா, அவரு சொல்றதத்தான் நா சொல்றேன். என்னய அப்புடிப் பாக்காதீங்க."

பேரவைக்காரர்கள் கடலோர ஹோட்டல் ஒன்றில் இருந்தார்கள். அவர்களுடைய பேச்சாளர் அகிலாவின் கதையைக் கேட்டுக் கண்கலங்கிப் போனார். உடனே ஊடகங்களைக் கூப்பிட்டார். "ஒரு பெண்ணின் உயிரை நாலு நிமிஷத்துக்காக அடகு வைக்கும் கழகத்தை உலகம் பார்க்கட்டும்! அவருக்காக நாங்கள் இன்னொரு முறைகூட வெளிநடப்பு செய்யத் தயார்!" கைதட்டல். பதினெட்டு கார்களிலும் அகிலாவின் பெயரைப் பொறிப்பதாக அறிவித்தார். கார்கள் ஷட்டருக்குள்ளேயே இருந்ததால் யாரும் பார்க்க முடியவில்லை.

"ரொம்ப நல்லது சார். விடுவிக்க ஆட்சேபமில்லைன்னு ஒரு கையெழுத்து போட்டுக் கொடுங்க" என்றேன்.

"அது முடியாது. கையெழுத்து போட்டால் முத்திரை செல்லும் என்று ஆகிவிடும். முத்திரை செல்லும் என்றால் பந்தயம் தொடங்கியதாகிவிடும். உங்கள் நண்பருக்காக உண்மையை விற்கச் சொல்கிறீர்களா?"

விற்பதில் எனக்கு ஆட்சேபமில்லை. சரக்கு அவரிடம் இருக்கிறதா என்பதில்தான் சந்தேகம்.

ஜூன் மாதம் அகிலாவே ஒரு மனு டைப் அடித்து ஃபேக்ஸில் அனுப்பினாள். கோர்ட் வாசலில் ஆறு வருஷம் உட்கார்ந்தவள்; பத்தி பத்தியாக எண் போட்டிருந்தாள். நாலாவது பத்தி எனக்கு மனப்பாடம்: "மேற்படி பாகமானது மேற்படி வாகனத்தின் ஓட்டத்துக்கு அவசியமற்றது. வாகனம் ஒரு சிறுநீரகத்தோடு நல்ல வேகத்தில் ஓடும் என டாக்டர் சான்றளித்துள்ளார். இதில் கண்டவை யாவும் என் அறிவுக்கெட்டிய வரை உண்மை." கழகம் பெற்றுக்கொண்டதற்கான முத்திரையோடு நகல் வந்தது. அதை வேலுச்சாமி நாலாக மடித்து ஆரஞ்சு அங்கியின் பையில் வைத்துக்கொண்டான்.

ஜூலையில் அவள் பேச்சு குறைந்தது. சிரிப்பதற்கு நடுவில் மூச்சு வாங்கினாள்.

எனக்கு மிச்சமிருந்தது ஒரே வழி. மைதானத்தின் தலைவர் அபூ நாசர் என்கிற முதியவர். அவர் பாட்டனார் முத்து வியாபாரி, எங்கள் பாட்டனாரும். முத்துச் சந்தையில் வாயால் விலை சொல்வது கிடையாது. கைகள்மேல் ஒரு துணியைப் போட்டு மூடி, உள்ளே விரலைப் பிடித்துப் பேச வேண்டும். இந்தக் கரையிலும் அதே வழக்கம்தான், கீழக்கரையிலும் அதே வழக்கம்தான். வெளியே சுற்றி நிற்கிறவனுக்கு ஒன்றும் தெரியாது. யாரும் இறங்கி வந்ததாக ஆகாது.

வளாகத்தைப் பார்வையிட அவர் வந்த அன்று வேலி ஓரமாக நெருங்கி சலாம் சொன்னேன். பாட்டனார் கதையைச் சொன்னேன். பெரியவர் முகம் மலர்ந்தது. வேலுச்சாமியிடமிருந்து மஞ்சள் கொடியை வாங்கி, எங்கள் கைகள்மேல் போட்டேன். பிறகு அவர் விரல்கள் என் விரல்களைத் தேடின.

நான் ஒரு விரலைப் பிடித்தேன்: ஒரு நாளில் விடுதலை. அவர் ஐந்து விரலையும் இரண்டு தடவை அழுத்தினார்: பத்து. நான் இரண்டு. அவர் ஐந்து. நான் மூன்று விரலைப் பிடித்துக்கொண்டு விடவில்லை. அவர் என் உள்ளங்கையை ஒருமுறை அழுத்தினார். படிந்தது.

"கலாஸா பாய்?" என்று வேலுச்சாமி கேட்டான். அவன் கண்ணில் அப்படியொரு வெளிச்சத்தை நான் அதற்கு முன்னால் பார்த்ததில்லை.

"மூணே நாளு. பெட்டியக் கட்டு."

பெரியவர் வாக்குத் தவறவில்லை. சரியாக மூன்றாம் நாள் விடுவிப்புக் கடிதம் வந்தது. கழகமும் கையெழுத்துப் போடத் தயார், பேரவையும் தயார். கடிதத்தின் கீழே ஒரு சின்னக் கட்டம் இருந்தது: விடுவித்த நேரம். கழகத்தின் கடிகாரப்படி எழுதினால் பேரவை கையெழுத்துப் போடாது. பேரவையின் கடிகாரப்படி எழுதினால் கழகம் போடாது. காலியாக விட்டால் படிவம் செல்லாது. இரண்டையும் எழுதலாமே என்றேன். ஒரு மனிதன் இரண்டு தடவை விடுதலையாக முடியாது என்று இரண்டு தரப்பு வக்கீல்களும் ஒரே குரலில் சொன்னார்கள்.

அந்தக் கட்டத்துக்காக ஏழு வாரம் ஜெனீவாவில் பேசினார்கள். கட்டிய பெட்டி போர்ட்டா கேபின் வாசலிலேயே கிடந்தது.

செப்டம்பரில் ஒரு செவ்வாய்க்கிழமை, கடைப் போன் அடித்தது. ஜெராக்ஸ் கடையில் அகிலாவோடு வேலை பார்க்கும் பானுமதி. குரல் தாழ்ந்திருந்தது.

"பாய், அகிலாவுக்கு டயாலிசிஸ் போடுற எடத்துல சீப்புடிச்சுக் காய்ச்சல் வந்து... காலைல ஒம்பதே முக்காலுக்கு... அவுக அண்ணன்கிட்ட நீங்களே சொல்லிருங்க பாய். எனக்குத் தெம்பு இல்ல."

வேனை எடுத்துக்கொண்டு வளாகத்துக்குப் போனேன். சாட்சியத்தோடு பேச எழுத்துப்பூர்வ அனுமதி வேண்டும் என்றார் வாசலில் இருந்த அதிகாரி. நேபாளிக் காவலாளி என் முகத்தைப் பார்த்துவிட்டு, அவரைத் தேநீர் குடிக்கக் கூட்டிப்போனார். கம்பிவேலிக்கு இந்தப் பக்கம் நான், அந்தப் பக்கம் அவன். கார்களின் மேல் மணல் ஏறியிருந்தது. கடிகாரங்கள் மட்டும் சுத்தமாக இருந்தன; அவன்தான் துடைப்பான்.

சொன்னேன். எப்படிச் சொன்னேன் என்று நினைவில்லை.

அவன் அழவில்லை. திரும்பி அந்த இரண்டு கடிகாரங்களையும் பார்த்தான். ஒன்றில் பத்து இருபது, ஒன்றில் பத்துப் பதினாறு.

"எந்த மணிக்குப் பாய்?"

"மதுரை மணிக்கு ஒம்பதே முக்கால்."

தலையாட்டினான். மதுரை மணிக்கு இரண்டு தரப்பும் ஆட்சேபம் எழுப்பவில்லை.

கழகம் தன் கொடியை அரைக்கம்பத்தில் இறக்கி ஒரு நிமிஷ மௌனம் அனுசரித்தது. பேரவையும் அனுசரித்தது, நாலு நிமிஷம் கழித்து.

அடக்கத்துக்குப் போக அவனுக்கு அனுமதி கிடைக்கவில்லை. அந்தக் கட்டம் இன்னும் காலியாகவே இருந்தது.

நவம்பரில் ஒரு கைக்கடிகாரக் கம்பெனி, அடுத்த வருஷப் பந்தயத்துக்குத் தன் கடிகாரத்தை வைக்க முன்வந்தது. இரண்டு தரப்பும் மேடையில் கட்டிப்பிடித்துக்கொண்டன. அதே மாலையில் தீர்ப்பும் வந்தது. கழகத்துக்கும் பேரவைக்கும் திருப்தியான தீர்ப்பு: அந்தப் பந்தயம் தொடங்கவே இல்லை. தொடங்காத பந்தயத்துக்கு அதிகாரிகள் கிடையாது. அதிகாரி இல்லாதவரை முத்திரையிட விதியில் இடமில்லை. ஆகவே திரு. வேலுச்சாமி எந்தக் காலத்திலும், யாராலும், எங்கும் தடுத்து வைக்கப்படவில்லை. அவர் விரும்பிய எந்த நாளிலும் ஊருக்குப் போயிருக்கலாம். செல்வி அகிலாவின் மனு, காரணம் எழாததால், தள்ளுபடி.

தடுத்தே வைக்காத அவனைக் கூட்டிவர மறுநாள் பகல் பதினொரு மணிக்கு வேனில் போனேன். எடை போட்டார்கள். ஐம்பத்து நாலு. குமாஸ்தா பதறிப்போனார், ஏழு கிலோ குறைவு. பந்தயமே தொடங்காததால் குற்றமாகாது என்று தலைமைப் பரிசோதகர் பெருந்தன்மையோடு மன்னித்தார். மணிக்கட்டு முத்திரையைக் குறட்டால் வெட்டினார்கள். அந்த இடத்தில் தோல் வெளுத்திருந்தது.

கடைசியாக ஒரு படிவம். கார்களைத் திரும்ப எடுக்க வந்தவர் கையெழுத்துப் போட்ட அதே படிவம்தான். கலீல் ரஹ்மான் படித்தார்.

"'முத்திரை வளாகத்தில் ஒப்படைக்கப்பட்டது, எல்லா பாகங்களோடும், எதுவும் கழற்றப்படாமல், முழுமையாகத் திரும்பப் பெற்றுக்கொண்டேன்.' இதுல கையெழுத்து, வேலு."

"இன்னொருக்கா படிங்க பாய்."

கலீல் ரஹ்மான் என்னைப் பார்த்தார். மறுபடி படித்தார். எதுவும் கழற்றப்படாமல் என்ற இடத்தில் குரல் ஒடிந்தது.

வேலுச்சாமியின் இடது கை மெதுவாக இடுப்புக்கு மேலே விலாவில் போய் நின்றது. அங்கேயே வைத்துக்கொண்டு, வலது கையால் கையெழுத்துப் போட்டான்.

அங்கியைக் கழற்றி மடித்துக் கொடுத்தான். பையிலிருந்த மனு நகலை மட்டும் எடுத்துச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டான். பெட்டியைத் தூக்கினான். வேன் வரை வந்தவன் ஏறவில்லை. திரும்பி ஏழாம் வளைவு இருக்கிற திசையைப் பார்த்தபடி நின்றான்.

"என்னப்பா?"

"யாரும் கலாஸ் சொல்லல பாய்."

அந்த சூப்பர்வைசர் கத்தாருக்குப் போய் மாதக்கணக்காகிறது. சொல்ல என்னைத் தவிர அங்கே ஆளில்லை. பேசியே பிழைத்த வம்சம் எங்களுடையது. படியிறங்கிய எத்தனையோ பேரைக் கூப்பிட்டுத் திருப்பியிருக்கிறேன். வாயைத் திறந்தேன். அந்த ஒரு வார்த்தை வரவில்லை.

அவன் காத்துக்கொண்டு நின்றான்.